குச்சி பிடுங்கிய நீர்நாய்க் குட்டி

ஒரு காட்டில் ஒரு சிலந்தி வாழ்ந்தது. பிறப்பில்தான் சிலந்தி, கணக்கில் புலி. பிடிவாதமும் கொஞ்சம் அதிகம்.

அங்கே ஒரு நீர்நாய்க்கு ஒரே குட்டி. அது நச்சு நத்தையைத் தின்றுவிட்டது. பின்னங்கால்கள் மரத்துப்போயின. மரப்பு நெஞ்சுக்கு ஏறினால் உயிர் தங்காது. தாய் குட்டியைத் தூக்கிக்கொண்டு சிலந்தியிடம் ஓடியது.

“இந்த நஞ்சு ஒரு புரதம். அதில் ஒரு குழி இருக்கிறது. எந்த மூலிகையின் சத்து அந்தக் குழியில் போய் ஒட்டிக்கொள்ளுமோ, அதுவே மருந்து. கண்டதையும் குட்டிக்குக் கொடுக்க வேண்டாம். நான் கணக்குப் போட்டே சொல்கிறேன்” என்றது சிலந்தி.

குழியின் வடிவத்தை வலையில் பெரிதாகப் பின்னியது. அசையாதபடி சுற்றிலும் குச்சிகளால் இறுக்கியது. மூலிகைச் சத்துகளின் வடிவங்களை நூலில் முடிந்து, ஒவ்வொன்றாகக் குழியில் வைத்து மதிப்பெண் போட்டது. நீலப்பூ முதலிடம். பாறைக்கொடி உள்ளே நுழையவே இல்லை. அதற்குக் கடைசி இடம்.

தாய் நீலப்பூவை அரைத்து, குட்டி தின்று மிச்சம் வைத்த நத்தையின் நஞ்சில் கலந்து, முதலில் தன் நாக்கில் ஒரு துளி வைத்தது. நாக்கு மரத்துப்போனது.

“என் கணக்கு தப்பாதே!” என்றது சிலந்தி.

“தப்பவில்லை அக்கா, நாக்குதான் தப்பிவிட்டது” என்று குழறியது தாய்.

படுத்திருந்த குட்டிக்கு அப்போதும் விளையாட்டுப் புத்தி. கை எட்டிய குச்சிகளைப் பிடுங்கிவிட்டுக் குழிக்குள் விரலை விட்டது.

“பெரியம்மா, உள்ளே விட்டால் வலை விரலைப் பிடித்துக்கொள்கிறது.”

திட்ட வாயெடுத்த சிலந்தி அப்படியே நின்றது. “புரதமும் இப்படித்தானே! தொட்டால் நெளியும், வந்ததற்கு இடம் விடும். நான்தான் அதைக் கட்டிப்போட்டுவிட்டேன்.”

எல்லாக் குச்சிகளையும் எடுத்துவிட்டுக் கணக்கை முதலிலிருந்து போட்டது. பாறைக்கொடி தொட்டதும் குழி விரிந்தது, பிறகு அதை இறுகப் பற்றிக்கொண்டது.

தாய் பாறைக்கொடியை அரைத்து நஞ்சில் கலந்தது. இம்முறை சிலந்தி முன்னால் வந்து தன் காலை அதில் நனைத்தது.

“எனக்கு எட்டு இருக்கிறது. ஒன்று போனால் போகட்டும்.”

கால் மரக்கவில்லை. குட்டி பாறைக்கொடிச் சாற்றைக் குடித்தது. மாலையில் அதன் வால் அசைந்தது, பிறகு கால்களும் அசைந்தன. தாய் வாய்விட்டு அழுதது. சிலந்திக்கும் கண் கலங்கியது, எட்டுக் கண்ணும்.

மறுநாள் குட்டி வலையைத் தேடி ஓடிவந்தது. பிடுங்க ஒரு குச்சிகூட இல்லை. அது ஏமாந்து போகக் கூடாதே என்று சிலந்தி ஓரத்தில் ஒரு குச்சியை நட்டு வைத்தது.

நீதி: உயிருள்ளதைக் கணக்குக்காகக் கட்டிப்போடாதே, அது அசைகிறபடி உன் கணக்கையும் அசைய விடு.