வெடுக்கன் கவிழ்த்த மூங்கில் குழாய்

மலையடிவாரத்தில் சடைச்சி என்ற கரடி தேன் கடை வைத்திருந்தாள். மலையேறும் மிருகங்கள் அங்கே நின்று ஒரு உழக்குத் தேன் குடித்தால்தான் உச்சிவரை கால் ஓடும். தேன் ராணித் தேனீயுடையது. விற்பது மட்டும் சடைச்சி. கடை திறந்த நாளிலிருந்து அவள் நாக்கில் ஒரு சொட்டுத் தேன் பட்டதில்லை. புற்றைக் கிளறிக் கரையானும் எறும்பும் பிடித்துத்தான் தானும் தின்றாள், இரண்டு குட்டிகளுக்கும் ஊட்டினாள்.

ஒரு குளிர்ந்த காலையில் ராணியின் சோதனைக்காரன் வந்து குதித்தான். வெடுக்கன் என்ற கீரி. ஓரிடத்தில் நிற்கத் தெரியாதவன்.

"இந்தக் குழாயில ஒரு உழக்கு ஊத்து. சீக்கிரம்!"

சடைச்சி விளிம்பு தட்ட அளந்து, அவன் நீட்டிய நீள மூங்கில் குழாயில் ஊற்றினாள். அவன் அதைத் தோளில் மாட்டிக்கொண்டு பறந்தான். தேன்கூட்டுக்குப் போனதும் ராணியின் உழக்கில் குழாயைக் கவிழ்த்தான், ஒரு உதறு உதறினான், நிமிர்த்திவிட்டான். உழக்கில் ஒரு விரல் குறைந்தது.

"கரடி கையில தேனைக் கொடுத்தா வேற என்ன நடக்கும்?" என்றான்.

மத்தியானத்துக்குள் ராணியிடமிருந்து தண்டனை வந்துவிட்டது. அளவு குறைந்ததற்காகக் கடை இனிமேல் கிடையாது. அவள் குட்டிகளோடு படுக்கும் குகையும் பறிமுதல். வழிப்போக்கருக்கு வைக்க வேண்டிய தண்ணீர்ப் பானை காலியாகக் கிடந்ததற்காக, ஒரு மாதம் ஆற்றிலிருந்து தண்ணீர் சுமக்க வேண்டும். வெடுக்கன் கடை வாசலிலும் குகை வாசலிலும் முள்ளை அடைத்தான்.

"என்னை ஒரு வார்த்தை கேட்டியா தம்பி?" என்றாள் சடைச்சி.

"தேனைக் கேட்டோம். தேனே சொல்லிருச்சு."

வானம் கறுத்துக்கொண்டு நின்றது. மழை பிடித்தால் குட்டிகளை எங்கே படுக்க வைப்பாள்? இரண்டையும் முதுகில் ஏற்றிக்கொண்டு, காட்டெருமை கொம்பனிடம் ஒரே ஓட்டமாக ஓடினாள். காட்டில் யார் கொடுத்த தண்டனையையும் மறுபடி எடுத்துப் பார்க்கிற நியாயக்காரர் அவர்தான்.

"நாளைக்குக் காலையில கேட்கிறேன். உழக்கும் வரணும், குழாயும் வரணும். ராத்திரிக்குக் குட்டிங்களோட இங்கேயே படுத்துக்கோ," என்றார் கொம்பன்.

மறுநாள் காடே கூடிவிட்டது. வெடுக்கன் இலை மூடிய உழக்கைத் திறந்து காட்டினான்.

"பாருங்க ஐயா, ஒரு விரல் குறைச்சல்!"

சொல்லிக்கொண்டே கழுத்தைச் சொறிந்தான். பிறகு முதுகைச் சொறிந்தான். பிறகு ஒரு குதி குதித்தான்.

சடைச்சி உற்றுப் பார்த்தாள். அவன் வால் வழியாகச் சிவப்பு எறும்புச் சாரை ஏறி, தோளில் தொங்கிய குழாய்க்குள் போய்க்கொண்டிருந்தது.

"ஐயா, வெறுங்குழாய்க்குள்ள எறும்புக்கு என்ன வேலை?"

"அது சும்மா போகுது," என்றான் வெடுக்கன்.

"குழாயை உழக்குக்கு மேல கவிழ்த்துப் பிடி," என்றார் கொம்பன். "நான் சொல்ற வரைக்கும் நிமிர்த்தாதே."

ஒன்றும் விழவில்லை. வெடுக்கன் இளித்தான். வெயில் ஏறியது, மூங்கில் சுட்டது. குழாயின் வாயில் ஒரு துளி திரண்டது. தொங்கியது.

சொட்!

இன்னொன்று. அப்புறம் நூல் பிடித்தது போலத் தேன் இறங்க ஆரம்பித்தது! எறும்புகளும் கூடவே பொலபொலவென்று விழுந்தன. உழக்கில் தேன் ஏறி ஏறி, விளிம்புக்கு மயிரிழை கீழே வந்து நின்றது.

"அந்த மிச்சம் எறும்பு வயித்துல இருக்கு," என்றார் கொம்பன். "கரடி திருடலை. உன் குழாய்தான் பிடிச்சு வச்சிருக்கு. கடையும் குகையும் அவளுக்கே."

குரங்குகள் கிளைக்குக் கிளை தாவின. குட்டிகள் அம்மாவின் காதைப் பிடித்துத் தொங்கின.

"இரு சடைச்சி. பானை காலியா இருந்துச்சா, இல்லையா?" என்றார் கொம்பன்.

சடைச்சி தரையைப் பார்த்தாள். "குட்டிங்க ஊத்திக் குளிச்சிருச்சுங்க ஐயா."

"அப்போ தண்ணி சுமக்கத்தான் வேணும். ஆனா அந்தத் தப்புக்கு ஒரு மாசம் அதிகம். ஒரு வாரம் போதும்."

வெடுக்கனே பல்லால் முள்ளைப் பிடுங்கிப் போட்டான். சடைச்சி முதல் பானைத் தண்ணீரைக் கொண்டுவந்து வைத்தபோது, உடம்பெல்லாம் எறும்புக் கடியோடு வாசலில் நின்றவனும் அவன்தான்.

"அக்கா, மேல கொஞ்சம் தண்ணி ஊத்துங்க. எரியுது."

"ஊத்துறேன், ஊத்துறேன்," என்று சிரித்தாள் சடைச்சி. "நீ கொஞ்ச நேரம் ஒரு இடத்துல நில்லு."

ஆகவே, அடுத்தவர் அளவு குறைவு என்று தண்டிக்கக் கிளம்புமுன், நம் கையில் இருக்கும் குழாயைக் கவிழ்த்துப் பொறுமையாகப் பார்த்துக்கொள்ள வேண்டும்.