எட்டு முழ வீணை

கோடைக்கோட்டை மகாராஜா பரிவீரனுக்கு எதிலும் நீளம் வேண்டும். அவர் சாப்பிடும் கரண்டிக்கே மூன்று முழக் காம்பு. பாதி ரசம் மீசைக்குப் போகும், மீதி மடிக்குப் போகும். ராஜ கௌரவம் மட்டும் சிந்தாது!

அப்பேர்ப்பட்டவர் பக்கத்து நாட்டுக் கல்யாணத்துக்குப் போனார். அங்கே ஒரு வீணை உச்ச ஸ்தாயியில் பாடியது. இவருக்கு வயிறு எரிந்தது. வந்ததும் வராததுமாக வீணை செய்யும் மாசிலா ஆசாரியை வரவழைத்தார்.

"எட்டு முழத்தில் வீணை செய். அந்த வீணையைவிட உச்சத்தில் பாட வேண்டும்."

ஆசாரி கைகூப்பினார். "மகாராஜா, கம்பி நீள நீளக் குரல் இறங்கும். குட்டைக் கம்பிதான் கீச்சென்று பேசும்."

சபா வித்வான் கோதண்ட பாகவதர் துள்ளி எழுந்தார். வீணையைத் தொட்டு இருபது வருஷமான மகா வித்வான் அவர். "பெரிய வாத்தியம், பெரிய உச்சம்! இது தெரியாதவன் ஆசாரியா?"

சபை முழுக்கத் தலையாட்டியது. மகாராஜாவும் தீர்ப்பைச் சொல்லிவிட்டார். வெள்ளிக்கிழமைக்குள் வீணை உச்சத்தில் பாடாவிட்டால் ஆசாரியின் கட்டைவிரல் போய்விடும்.

விரல் போனால் உளி பிடிப்பது எப்படி? பாவம், அந்த மனுஷன் அழுதுகொண்டே எட்டு முழத்தில் வீணை செய்தார். மீட்டினால் எருமை செருமியது.

மந்திரி அம்பலத்தாடி பட்டறைக்கு வந்து பார்த்தார். "ஆசாரியாரே, கம்பியை எங்கே அழுத்தினால் உச்சம் வரும்?"

"கம்பியைத் தாங்குற குதிரைக் கட்டைக்கு ஒரு சாண் தள்ளி அழுத்தினா வருங்க. அழுத்தின இடத்திலேர்ந்து குதிரை வரைக்கும்தானே கம்பி அதிரும்? ஆனா மிச்ச நீளம் சும்மா கிடக்குமே. ராஜா கேட்டா என்ன சொல்றது?"

"அங்கே விரல் அழுத்த ஒரு மெட்டுக் கட்டை வையும். பதில் சொல்ல நான் இருக்கிறேன்."

வெள்ளிக்கிழமை ஆறு பேர் வீணையைத் தூக்கி வந்தார்கள். அம்பலத்தாடி குதிரைப் பக்கமாக உட்கார்ந்து, அந்த மெட்டில் விரலை அழுத்தி மீட்டினார். கிண்ணென்று உச்சம் எழுந்தது. கல்யாண வீட்டு வீணை பிச்சை வாங்க வேண்டும்!

"நான் சொல்லவில்லையா? நீளத்தின் மகிமை!" என்றார் பாகவதர், கூச்சமே இல்லாமல்.

மகாராஜாவுக்கு உச்சி குளிர்ந்தது. "ஆசாரி, உன் விரல் உனக்கே. பட்டும் வாங்கிக்கொள்" என்றவர், கம்பியை உற்றுப் பார்த்தார். "மந்திரி, ஒரு சாண்தானே அதிர்கிறது? மற்றதெல்லாம் எதற்கு?"

அம்பலத்தாடி எழுந்து கைகட்டி நின்றார். பாகவதர் தொடங்கி கடைசி வரிசை வரை சபையை ஒருமுறை நிதானமாகப் பார்த்தார்.

"மகாராஜா, இங்கே நூற்றெட்டுப் பேர் உட்கார்ந்திருக்கிறார்கள். எதற்கென்று தாங்கள் என்றாவது கேட்டதுண்டா?"