லியோ விட்ட இடம்

திரையில் இருட்டியதும் அந்தச் சத்தம் வந்தது. ஈரத்துணியை யாரோ பல்லால் கிழிப்பதுபோல.

"நரியா?" என்றார் தேவநேசன்.

"ஜப்பான் நரி. நம்ம பாஷை தெரியாது, பயப்படாதீங்க சார்" என்றாள் ஜெசிந்தா.

அவர் சிரிக்கவில்லை. மின்வாரியத்தில் ஓய்வு பெற்று, மகள் வயதுக்காரியான அவளிடம் வேலை கற்க வந்தவர். பழைய ஜப்பானிய வீடியோ கேம் கேசட்டுகளை நகலெடுத்து, அவற்றை ஓட்டும் பெட்டிகள் செத்த பிறகும் கணினியில் ஓட வைப்பது அவள் வேலை. திரையில் ஓடியது அவர் எடுத்த முதல் நகல்.

"டீச்சர், ஒரு தப்பு பண்ணிட்டேன்."

கேசட் ரெஜினாவுடையது. கப்பல்காரக் கணவர் ஜப்பானின் கோபே துறைமுகத்தில் வாங்கி வந்தது. மகன் லியோ காய்ச்சலில் இறந்துபோவதற்கு முன்பு ஆடியது. "அவன் விட்ட இடத்தை மட்டும் எனக்குக் காட்டுங்க" என்று கொடுத்துவிட்டுப் போயிருந்தாள்.

அந்த இடத்தை அழியாமல் வைத்திருந்தது கேசட்டுக்குள் இருந்த சின்ன பேட்டரி. அது கசிந்து மற்றதையும் அரித்துவிடுமோ என்று பயந்து, தேவநேசன் முதல் வேலையாக அதைக் கழற்றிவிட்டார். நகலெடுத்தது அப்புறம்தான்.

"விளையாட்டு முழுசா இருக்கு டீச்சர். பிள்ளை ஆடினதுதான் இல்ல."

ஜெசிந்தா கழற்றிய பேட்டரியை எடுத்துத் திருப்பிப் பார்த்தாள்.

"நானே கொஞ்ச தூரம் ஆடி வச்சிரட்டுமா? அந்தம்மாவுக்கு என்ன தெரியப்போகுது?"

"ஆடுங்க." ஜாய்ஸ்டிக்கை நீட்டினாள்.

முதல் திரை பெயர் கேட்டது. கீழே வரிசை வரிசையாக ஜப்பானிய எழுத்துகள்.

"லியோ என்னன்னு போட்டிருப்பான்?"

"அவனுக்கு அந்த எழுத்து தெரியுமா என்ன? பார்க்க அழகா இருந்ததை அமுக்கியிருப்பான்."

"எதை?"

"அதைத்தான் சார் கழட்டிட்டீங்க."

ரெஜினா வந்ததும், உட்காரச் சொல்வதற்கு முன்பே தேவநேசன் நடந்ததைச் சொல்லிவிட்டார். அவள் நின்றபடியே கேட்டாள். நாலு வார்த்தை திட்டியிருந்தால் தேவலை என்றிருந்தது அவருக்கு.

"புதுசா ஆரம்பிக்க முடியுமா?" என்றாள்.

ஏதோ ஓர் எழுத்தை அமுக்கினாள். திரையில் குட்டிப் பையன் ஒருவன் வந்து நின்றான். அவனை வேலியில் முட்டவைத்து, குளத்தில் தள்ளி, ஒருவழியாக ஒரு குடிசைக்குள் கொண்டுபோனாள். அதற்குள் இருட்டிவிட்டது. வெளியே நரி கத்தியது.

"இந்த இருட்டுல தனியாவா இருந்தான்? நான் பக்கத்து ரூம்லதானே இருந்தேன்…"

தேவநேசன் ஜெசிந்தாவைப் பார்த்தார். "நான் இனி என்ன செய்யட்டும் டீச்சர்?"

"தாழ்ப்பாளுக்கு எந்தப் பொத்தான்னு காட்டுங்க."

காட்டினார். ரெஜினா அமுக்கினாள். பையன் கதவை உள்ளேயிருந்து தாழிட்டான்.