எட்டாவது தூண்

வடக்கே வெகுதூரத்தில், மரம்கூட முளைக்காத பனிவெளியில் ஒரு மலை. அதன் உச்சியில் நெட்டநெடிய ஏழு கல்தூண்கள். யாரும் செதுக்கியவை அல்ல. அங்கே கலைமான் மேய்ப்பவர்களுக்கு அவைதான் சாமி. அந்தச் சாமியை நேருக்கு நேர் பார்க்கக் கூடாது. கண்ணில் பட்டால் முகத்தைத் திருப்பிக்கொண்டு, வாய் திறக்காமல் கடந்துவிட வேண்டும். பிறந்ததிலிருந்து பழகிய வழக்கம் என்பதால் கழுத்து தானாகவே திரும்பிவிடும்.

அந்தத் தூண்களைக் காக்கும் குருவிடம் சவ்வா புதிதாகச் சீடனாகச் சேர்ந்திருந்தான். குருவைவிட அவன் வயதில் மூத்தவன். தாடி நரைத்த பிறகு இவனுக்கு எங்கிருந்து வந்தது பக்தி என்று மற்றவர்கள் சிரித்தார்கள். குரு சிரிக்கவில்லை. காரணமும் கேட்கவில்லை.

ஒருநாள் காலை, அடுப்பில் சுள்ளி வைத்துக்கொண்டிருந்தவன் தானாகவே ஆரம்பித்தான்.

"சாமி என்னை மன்னிக்குமா, குருவே?"

"எதற்கு?"

"அண்ணன் செத்ததற்கு."

சவ்வாவின் அண்ணன் ப்ரோகோப் அந்தக் குளிர்காலத்தில்தான் பனிப்புயலில் சிக்கி இறந்தான். புயல் ஓய்ந்து தேடிப் போனவர்கள், மலைச்சரிவில் அவனைக் கண்டார்கள். கோலை ஊன்றி, நின்ற நிலையிலேயே விறைத்துப் போயிருந்தான்.

"புயலன்று நான் அந்தச் சரிவு வழியாகத்தான் வந்தேன்" என்றான் சவ்வா. "எதிரே ஏதோ நின்றது. புயலில் கிட்டம் ஏது, தூரம் ஏது? சாமி என்று நினைத்து முகத்தைத் திருப்பிக்கொண்டேன்."

குரு அவன் பக்கம் திரும்பினார்.

"உன் அண்ணிக்குத் தெரியுமா?"

"புயலன்று அவரைப் பார்த்தாயா தம்பி என்று கேட்டார். இல்லை என்றேன். இன்னும் போகிறவர் வருகிறவரையெல்லாம் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறார்."

"கிளம்பு" என்றார் குரு.

மலைக்குப் போகும் பாதை அண்ணி அனீஸ்யாவின் கூடாரத்தை ஒட்டிப் போகிறது. அவள் வாசலில் நின்று ஒரு தோலை உதறிக்கொண்டிருந்தாள். கலைமான் பூட்டிய சறுக்குவண்டியிலிருந்த சவ்வா, அதன் வாரைச் சரிசெய்கிறவன்போல் மறுபக்கம் குனிந்துகொண்டான். வார் சரியாகத்தான் இருந்தது.

உச்சியில் மூடுபனி. பகல் என்று பேர்தான்.

"இன்றைக்கு முகத்தைத் திருப்பாதே. நிற்பதையெல்லாம் ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்" என்று சொல்லிவிட்டு, குரு மூடுபனிக்குள் போய்விட்டார்.

 சவ்வா கையுறையைக் கழற்றி, முதல் தூணைத் தொட்டான். ஒன்றும் நடக்கவில்லை. நிமிர்ந்து பார்த்தான். கண்ணும் இல்லை, வாயும் இல்லை. ஈரத்தோடு உறைந்த வெறும் கல். அடுத்ததும் அப்படித்தான். அதற்கடுத்ததும் அப்படித்தான். விரல்கள் மரத்துப் போயின. ஏழையும் தொட்டு முடித்துத் திரும்பியபோது, பனி அப்பிய இன்னொன்று நின்றது, குட்டையாக. பழக்கத்தில் கழுத்து தானாகத் திரும்பப் போனது. அதை அடக்கிக்கொண்டு கையை வைத்தான்.

உள்ளங்கையில் வெதுவெதுப்பாக மூச்சு பட்டது.

"குருவே! இவ்வளவு நேரம் இங்கேயா நின்றீர்கள்? கூப்பிட்டிருக்கலாமே!"

"தாடை இறுகிவிட்டது" என்றார் குரு, திக்கித் திக்கி. "உன்னைப் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன்."

சவ்வா அப்படியே பனியில் உட்கார்ந்துவிட்டான். அத்தனை பெரிய ஆள், குழந்தைபோல வாய்விட்டு அழுதான். அண்ணனும் அன்றைக்குப் பார்த்துக்கொண்டுதான் இருந்திருப்பார் என்பது அவனுக்கு அப்போதுதான் உறைத்தது.

"அன்றைக்கு இப்படித் தொட்டிருந்தால் பிழைத்திருப்பாரா?"

"தெரியாது."

சவ்வா தவழ்ந்து போய் அருகிலிருந்த தூணில் நெற்றியை வைத்தான்.

"மன்னித்தேன் என்று ஒரு வார்த்தை சொல்லச் சொல்லுங்கள், குருவே. அது போதும். காலம் முழுக்க இங்கேயே கிடக்கிறேன்."

குரு புருவத்திலிருந்த பனியைத் துடைத்துக்கொண்டார்.

"இந்தச் சாமிகளுக்கு நீ மரியாதைதான் செய்தாய். உன்மேல் இவர்களுக்கு என்ன கோபம்?"

"அப்படியானால் நான் யாரிடம் போய்க் கேட்பேன்?"

"காலையில் உன் அண்ணியின் கூடாரத்தைத் தாண்டும்போது முகத்தைத் திருப்பிக்கொண்டாயே, சவ்வா" என்றார் குரு. "அங்கே எந்தச் சாமி நின்றது?"