கேப்டன் வாங்கிய கரை, அண்ணாச்சி வாங்கிய மீன்

கப்பலேறி வந்த கம்பெனிகள் நம் கரையில் காலூன்றிய கதையை ஆராய்கிறவர் பேராசிரியர் தில்லைநாயகி. அவரிடம் மாணவராகச் சேர்ந்தார் சூசைமாணிக்கம். தூத்துக்குடியில் பழைய இரும்புக்குப் பேரம் பேசியே முன்னுக்கு வந்த மனுஷர். ஆசிரியையைவிட வயதில் மூத்தவர். அவருடைய கோபம் அவரைவிட மூத்தது.

ஒருநாள் கையிலிருந்த தாள்களை மேஜைமேல் அறைந்தார்.

"டீச்சர், இந்தப் படிப்பே வேண்டாம். நாளையிலேர்ந்து வரமாட்டேன்."

"என்ன ஆச்சு அண்ணாச்சி?"

"முந்நூறு வருஷத்துக்கு முந்தி ஒரு கப்பல் கேப்டன் கடுதாசி எழுதியிருக்கான். நாலு முகக்கண்ணாடியும் ஒரு சிவப்புத் துணியும் கொடுத்து எங்க கரையையே வாங்கிட்டானாம். இந்த ஊர்க்காரனுக்கு வியாபாரமே தெரியலைன்னு சிரிக்கான். என் பூட்டன் ஏமாளின்னு நானே புஸ்தகம் எழுதணுமா?"

தில்லைநாயகி செருப்பை மாட்டினார். "வாங்க, முதல்ல உங்க வீட்டுக்கு மீன் வாங்குவோம்."

சந்தையில் ஒரு சீலா மீனுக்கு முன்னால் சூசைமாணிக்கம் குத்தவைத்து உட்கார்ந்தார். செவுளைத் தூக்கிப் பார்த்தார். ரத்தச் சிவப்பு, புது மீன்தான்.

"இது மீனா? நேத்தே செத்த சாமான்."

"செத்ததாலதான் கூடையில கெடக்கு அண்ணாச்சி. உசுரோட வேணும்னா கடலுக்குள்ள போய்ப் பாருங்க," என்றாள் மீன்காரி.

அவர் கத்தினார். எழுந்து கொஞ்ச தூரம் நடந்தார், கூப்பிடுவாள் என்று. அவள் கூப்பிடவில்லை. தானே திரும்பி வந்து, அவள் கேட்ட விலையைக் கொடுத்தார். கொசுறாக ஒரு கை சாளை மீன் மட்டும் கிடைத்தது.

போன் அடித்தது. மனைவி.

"பாக்கியம், சீலா வாங்கிட்டேன். பாதி விலைதான்! மீன்காரி ஒண்ணும் தெரியாதவ. நான் போட்ட சத்தத்துல அப்படியே தூக்கிக் கொடுத்துட்டா!"

அவர் போனை வைக்கும்வரை தில்லைநாயகி காத்திருந்தார்.

"அண்ணாச்சி, அந்தக் கேப்டன் கடுதாசியை யாருக்கு எழுதினான்?"

"அவன் முதலாளிக்கு..."

போனைப் பார்த்தார். மீனைப் பார்த்தார். அடக்கமாட்டாமல் சிரித்துவிட்டார்.

அதற்குள் பின்னாலிருந்து மீன்காரியின் குரல், பக்கத்துக் கடைக்காரியிடம்: "நேத்து மீனை ஒரு கத்துற அண்ணாச்சி தலையில கட்டிட்டேன்டீ!"

"பொய்!" என்று துள்ளினார் சூசைமாணிக்கம். "செவுளு செக்கச்செவேல்னு இருந்துச்சே!"

தில்லைநாயகி முன்னால் நடந்தார். சந்தை வாசலில் சூசைமாணிக்கம் நின்றுவிட்டார்.

"டீச்சர், கேப்டன் பீத்துனது கடுதாசியில இருக்கு. அன்னைக்குக் கண்ணாடியை வாங்குன எங்க ஆளு, வீட்டுல போய் என்ன பீத்துனான்? அது எந்தக் காகிதத்துல இருக்கு?"

"எதிலேயும் இல்லை."

"அப்போ அந்தப் பக்கத்தை யாருதான் எழுதுறது?"

"அதுக்காகத்தான் பேரம் பேசத் தெரிஞ்ச ஒருத்தரைச் சேர்த்தேன். அவர் நாளையிலேர்ந்து வரமாட்டாராம்."