பொரி போடும் கை

முன்னொரு காலத்திலே கொன்றைநாட்டை வெற்றிமாலை ராசா என்று ஒருவர் ஆண்டு வந்தார். அவருக்குக் காலையில் ஒரு புத்தி, மாலையில் ஒரு புத்தி. யார் கடைசியாகக் காதைக் கடிக்கிறார்களோ அவர்கள் சொன்னதுதான் அன்றைக்குச் சட்டம். காதைக் கடிப்பதற்கென்றே சபையில் ஒரு ஆசாமி இருந்தார், பெயர் அம்பலவாணர்.

அவருடைய அண்ணன் மகள் செங்கமலம். தாய் தகப்பன் இல்லாத பெண். அவளை வளர்த்ததெல்லாம் அண்ணன் அடைக்கலம்தான். யாருமற்ற கைக்குழந்தையாக இருந்த அவனை அவள் அப்பா எடுத்துவந்து மகனாக வளர்த்தார். அவள் பிறந்தது அதற்கு நாலு வருஷம் கழித்து. பெற்றவர்கள் போனபின் அவளுக்குத் தலை பின்னிவிட்டது யார்? அம்மை போட்டபோது வேப்பிலையோடு பக்கத்திலேயே கிடந்தது யார்? சித்தப்பா எட்டிக்கூடப் பார்க்கவில்லையே ஐயா.

படைத்தலைவர் வீட்டிலிருந்து அவளுக்குச் சம்பந்தம் வந்ததும் சித்தப்பாவுக்குப் பாசம் பொத்துக்கொண்டு வந்தது. மணவறையில் பெண்ணின் கையில் அண்ணன் பொரி அள்ளிப் போட, அவள் அதை அக்கினியில் இடுவாள். பொரி போட்டவன் மாப்பிள்ளைக்கு மைத்துனன். அந்த இடத்தில் தன் மகனை நிறுத்த வேண்டுமாம்.

"எங்கிருந்தோ வந்தவன் அண்ணனா, மகாராசா? ரத்தம் ஒட்ட வேண்டாமா?" என்றார்.

ராசா வெற்றிலையை மென்றுகொண்டே, "சரிதான். ஒரே ரத்தம் இல்லாதவர்கள் உடன்பிறப்பு ஆகமாட்டார்கள். தண்டோரா போடுங்கள்" என்றார். நல்ல தீர்ப்பு, போங்கள்.

செங்கமலம் நேரே மந்திரி திருமேனியார் வீட்டுக்குப் போனாள். "அண்ணன் பொரி போடாவிட்டால் எனக்குக் கல்யாணமே வேண்டாம், ஐயா."

மந்திரி யோசித்தார். "நாளைக்குச் சபையில் காதால் கேட்கக்கூடாத ஒன்றைச் சொல்லப்போகிறேன், தாயி. பொறுத்துக்கொள்."

மறுநாள் எல்லோரும் கூடியதும் மந்திரி எழுந்தார். "சட்டப்படி நடப்போம், மன்னா. படைத்தலைவர் சம்பந்தம் எதற்கு? செங்கமலத்துக்கு வீட்டிலேயே மாப்பிள்ளை இருக்கிறானே, அடைக்கலம். ரத்தம் இல்லை, ஆகவே தடையும் இல்லை. நாளைக்கே தாலி கட்டட்டும்."

சபையே காதைப் பொத்தியது. அடைக்கலம் கண் சிவந்து முன்னே வர, செங்கமலம் அவன் கையைப் பிடித்து நிறுத்தினாள். ஆனால் முதலில் கத்தியது அம்பலவாணர்தான். "வாயைக் கழுவுங்கள், மந்திரியாரே! அண்ணன் தங்கச்சியைக் கட்டுவானா? எங்கள் குடும்பமே நாறிப்போகும்."

"யார் அண்ணன்?" என்று கேட்டார் மந்திரி.

அம்பலவாணர் அடைக்கலத்தை நோக்கி நீட்டிய விரலைச் சட்டென்று மடக்கிக்கொண்டார்.

மந்திரி ராசா பக்கம் திரும்பினார். "சொன்ன என் நாக்கும் கூசுகிறது, கேட்ட உங்கள் உடம்பும் கூசியது. ஏன் மன்னா? இவர்கள் அண்ணன் தங்கச்சி என்று இங்கே எல்லோருக்கும் தெரியும். தாலி என்றால் அண்ணன், பொரி என்றால் அந்நியனா?"

ராசாவின் முகம் சுண்டிப்போயிற்று. சட்டத்தைத் திரும்பப் பெற்றார். தன் பட்டுச் சால்வையை மந்திரிக்குப் போர்த்தினார். கல்யாணத்தன்று அடைக்கலத்துக்குப் பின்னால் பொரித்தட்டு ஏந்தி நிற்க வேண்டும் என்று அம்பலவாணருக்கு உத்தரவு போட்டார். அதோடு விட்டாரா? பெருந்தன்மையாகக் கையை உயர்த்தி, "அடைக்கலம், இன்றுமுதல் உன்னை இவளுக்கு அண்ணன் ஆக்கினேன்" என்றார்.

"நீங்கள் ஆக்கவில்லை, மகாராசா" என்றாள் செங்கமலம். "எனக்கு விவரம் தெரிந்த நாள்முதல் இவர் என் அண்ணன். நீங்கள் குறுக்கே நின்றீர்கள், இப்போது விலகிவிட்டீர்கள். அவ்வளவுதான்."

ராசா உயர்த்திய கையை இறக்கினார். பிறகு தாழ்ந்த குரலில், "கல்யாணத்துக்கு என்னை அழைப்பாயா, அம்மா?" என்று கேட்டார்.

"அதை எங்கள் அண்ணன்தான் சொல்லணும்" என்றாள்.