மாசிலாமணியாரின் மட்டப் பலகை

பொருநைக் கரையில் இருந்த அந்த மடத்துக்கு மாசிலாமணியார் சீடராக வந்தபோது அவருக்குத் தலை முழுக்க நரைத்திருந்தது. குருவான அமுதவல்லி அம்மைக்கு ஒரு முடிகூட நரைக்கவில்லை. ஊரில் இதைச் சொல்லிச் சிரித்தார்கள். இருவரும் அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

மடத்துப் பிள்ளைகளுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுப்பது மாசிலாமணியாரின் வேலை. ஆற்று மணலைப் பரப்பி, அதில் விரலால் எழுதுவதுதான் அங்கே வழக்கம். மணலைச் சமப்படுத்த அவர் கையில் ஒரு சின்ன மட்டப் பலகை எப்போதும் இருக்கும். தப்பெழுத்து ஒரு நொடி கண்ணில் பட்டாலும் மனத்தில் ஒட்டிக்கொள்ளும் என்பது அவர் கொள்கை. பிள்ளையின் விரல் கொஞ்சம் கோணினால் போதும், பலகை சர்ரென்று வந்துவிடும். தன் மணலில் இதுவரை ஒரு தப்பெழுத்து நின்றதில்லை என்று அவருக்குக் கர்வம்கூட உண்டு. பாவம், நல்ல மனிதர்தான்.

ஒருநாள் காலை, அம்மை மணல் பரப்பிய முற்றத்தில் உட்கார்ந்து முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தார். மாசிலாமணியார் வந்த வேகத்தில் தோள்துண்டு பாதி தரையில் இழுபட்டது.

"அம்மா, என்னால ஆகாது. அந்தச் சடைச்சிய வீட்டுக்கு அனுப்பிருங்க."

"என்ன செஞ்சா?"

"ஒண்ணும் செய்யல. அதான் வயித்தெரிச்சல்! மணல்ல விரலை வச்சுக்கிட்டு அப்படியே உக்காந்திருக்கு. 'அ'ன்னா என்னன்னு கேட்டா வாயால சரியாச் சொல்லுது. எழுதுன்னா எழுதாது. திட்டியாச்சு, கொஞ்சியாச்சு, கடலைமிட்டாய் வாங்கிக் கொடுத்தாச்சு. மிட்டாய மட்டும் தின்னுருச்சு."

அம்மை சிரிப்பை அடக்கிக்கொண்டார்.

"மத்த பிள்ளைங்க எழுதுதா?"

"எழுதுது. நான் அழிக்க அழிக்க எழுதுது. இது ஒண்ணுதான் என் உயிர வாங்குது. மணலப் பாக்கவே மாட்டேங்குது. என் கையவே பாத்துக்கிட்டு இருக்கு."

"அவ அப்பன் நாளைக்குல்லா வாரான்?"

மாசிலாமணியாரின் குரல் இறங்கியது. "ஆமா. 'எழுத்து வரலன்னா சொல்லிருங்க சாமி, சூளைக்குக் கூட்டிட்டுப் போயிருதேன், கல்லாவது அடுக்கட்டும்'னு போன தடவையே சொன்னான்."

சடைச்சியைச் செங்கல் சூளையிலிருந்து கெஞ்சிக் கூத்தாடி அழைத்து வந்ததே மாசிலாமணியார்தான். அவளைத் திருப்பி அனுப்பச் சொல்வதும் அவர்தான். அந்த வேதனையும் சேர்ந்துதான் அவரைக் கத்த வைத்தது.

"சரி, அனுப்பிருவோம்" என்றார் அம்மை.

இவ்வளவு சீக்கிரம் சம்மதம் கிடைக்கும் என்று மாசிலாமணியார் நினைக்கவில்லை. அவருக்கு அது பிடிக்கவும் இல்லை.

"அப்பன் எதுக்கு அலையணும்? நம்ம வண்டியிலேயே போகட்டும். வண்டிக்காரன் புதுசு, சூளைக்கு வழி தெரியாது. உமக்குத் தெரியும்லா? இந்த மணல்ல போட்டுக் காட்டும். முதல்ல நான் பாக்குதேன். அந்தப் பலகைய இப்படிக் கொடும்."

பலகையைக் கொடுத்துவிட்டு மாசிலாமணியார் குனிந்தார். ஆற்றைப் போட ஒரு கோடு இழுத்தார். பாதிகூடப் போகவில்லை.

"ஆறு இப்படியா நெளியும்?"

சர்ரென்று பலகை வந்தது. கோடு போயிற்று.

அவர் மறுபடி இழுத்தார், கொஞ்சம் நேராக. பக்கத்தில் ஆலமரத்துக்கு ஒரு வட்டம் போட ஆரம்பித்தார்.

"மரம் ஆத்துக்குள்ளயா நிக்குது?"

சர்ர்.

"அம்மா, இன்னும் முடிக்கல..."

"தப்பு கண்ணுல படக் கூடாதுல்லா? போடும்."

அவர் மறுபடி ஆரம்பித்தார். இந்த முறை கோடு ஒரு சாண்கூட நகரவில்லை. ஏன் என்றுகூடச் சொல்லாமல் அழித்தார் அம்மை. அடுத்த முறையும் அப்படியே. மாசிலாமணியாருக்குக் காது சிவந்துவிட்டது. எத்தனையோ தடவை நடந்த வழி. கண்ணைக் கட்டிவிட்டாலும் போய்ச் சேருவார். ஆனால் இப்போது ஆறு இடப்பக்கமா வலப்பக்கமா என்பதே குழம்பிப் போயிற்று.

அவர் விரலை மணலில் வைத்தார். வைத்தது வைத்தபடி இருந்தது.

"என்ன, வழி மறந்துபோச்சா?"

"மறக்கல."

"பின்ன போடுமே."

அவர் அசையவில்லை.

"மணலப் பாரும் ஐயா" என்றார் அம்மை. "என் கையவே எதுக்குப் பாத்துக்கிட்டு இருக்கீரு?"

மாசிலாமணியார் விரலை மணலிலிருந்து எடுத்தார். எழுந்து பிள்ளைகள் இருந்த பக்கம் போனார். பலகையைத் திருப்பிக் கேட்கவில்லை.

சடைச்சி மணலில் விரலை வைத்தபடியே இருந்தாள். அவர் எதிரே உட்கார்ந்ததும் வழக்கம்போல் அவர் கையைப் பார்த்தாள். கையில் பலகை இல்லை. அவர் முதுகுப் பக்கம் எட்டிப் பார்த்தாள். அங்கேயும் இல்லை.

மெல்ல விரல் நகர்ந்தது. சுழி பெரிதாகி, வயிறு காணாமல் போய், நத்தை ஒன்று குப்புற விழுந்ததுபோல் ஓர் எழுத்து வந்தது. மாசிலாமணியாருக்குக் கை துறுதுறுத்தது. இரண்டு கைகளையும் தொடைக்கு அடியில் வைத்து அமுக்கிக்கொண்டார். அவர் பட்ட பாடு அவருக்குத்தான் தெரியும்.

சடைச்சி தன் எழுத்தைப் பார்த்தாள். பக்கத்துப் பிள்ளையின் எழுத்தை எட்டிப் பார்த்தாள். உதட்டைப் பிதுக்கினாள். பிறகு உள்ளங்கையால் தானே அதை அழித்துவிட்டு, மறுபடி எழுதத் தொடங்கினாள்.

வெயில் ஏறிய பிறகு மாசிலாமணியார் அம்மையிடம் திரும்பி வந்தார். கீரை அடுப்பில் வெந்துகொண்டிருந்தது.

"அம்மா, காலையில இருந்து எழுதுது. ஒண்ணுகூட உருப்படியா இல்ல. சுழி சரியா வந்தா கால் கோணுது, கால் வந்தா சுழி போகுது. அதுவே அழிக்குது, அதுவே எழுதுது. சாப்பிடக் கூப்பிட்டாக்கூட எந்திரிக்க மாட்டேங்குது. நாளைக்கு அவ அப்பன் வந்து நிப்பான். அவன்கிட்ட நான் என்னத்தச் சொல்ல?"

அம்மைக்கு இப்போது நிஜமாகவே எரிச்சல் வந்தது. கரண்டியைக் கீழே வைத்தார்.

"பிள்ளை எழுதுதுன்னு சொல்லும்."